கலைக்காட்சியால் சிற்றூர் உயிர் பெறுமா?

சிற்றூர்ப் பண்பாட்டைக் காக்க வேண்டும் என்று சொல்லாதவர் இல்லை. அதற்காகப் பொருட்காட்சிகள் நடத்துவதும் பல நாடுகளில் வழக்கமாகிவிட்டது. நகரத்து மண்டபம் ஒன்றில் பழைய கலப்பையையும் தறியையும் மண்பானையையும் வரிசையாக வைத்து, ஒவ்வொன்றின் அருகிலும் ஒரு சீட்டு எழுதி ஒட்டுகிறார்கள். காண வருவோர் சீட்டைப் படிக்கிறார்கள், வியக்கிறார்கள், வெளியே போகிறார்கள். கலப்பை மண்டபத்திலேயே தங்கிவிடுகிறது. அதைப் பிடித்த கை எங்கே, அது உழுத வயல் எங்கே, அந்த வயலைச் சுற்றியிருந்த ஊர் என்ன ஆயிற்று என்று கேட்போர் சிலரே.

பொருளைக் காப்பது வேறு. பண்பாட்டைக் காப்பது வேறு. பொருளைக் கண்ணாடிப் பெட்டிக்குள் வைத்துக் காத்துவிடலாம். பண்பாடோ செய்யும் கையிலும், சொல்லும் வாயிலும், கேட்டுக் கற்கும் பிள்ளையிடத்தும் வாழ்வது. ஊர் கலைந்துவிட்டால் அதற்கு இருப்பிடம் இல்லை.

அவ்வாறாயின், ஒரு கலைக்காட்சியினால் தேய்ந்துவரும் சிற்றூருக்கு உண்மையான துணை கிடைக்குமா? இக்கேள்விக்கு விடை தேடுவோர், ஜப்பான் நாட்டின் மலைப்பகுதி ஒன்றில் 2000ஆம் ஆண்டு முதல் நடந்துவரும் கலைவிழாவை ஆராய்வது பயன் தரும். எச்சிகோ-சுமாரி கலைவிழா என்பது அதன் பெயர். அது எவ்வாறு தோன்றியது, என்ன செய்தது, எதைச் செய்ய முடியாமற் போயிற்று என்பனவற்றை ஈண்டுக் காண்போம்.

பனி நாடும் அதன் மரபும்

ஜப்பானின் நடுப்பகுதியில், மேற்குக் கடலைப் பார்த்தவாறு அமைந்திருப்பது நீகாதா மாநிலம். அதன் தென்பகுதி மலைகளுக்கிடையே தோக்காமாச்சி என்னும் நகராட்சியும் சுனான் என்னும் சிறு நகரமும் உள்ளன. இவ்விரண்டும் சேர்ந்த வட்டாரமே எச்சிகோ-சுமாரி. எச்சிகோ என்பது அந்நிலத்தின் பழம்பெயர். சுமாரி என்பதற்கு, ‘இதற்கு மேல் வழியில்லை’ என்னும் கருத்தைத் தரும் சொல்லோடு தொடர்புண்டு என்று கூறுவர். வட்டாரத்தின் பரப்பு ஏறத்தாழ 760 சதுரக் கிலோமீட்டர். அதாவது சிங்கப்பூரைக் காட்டிலும் சற்றே பெரிது. ஆயினும் அங்கே இருப்பவை சுமார் 200 சிற்றூர்கள். அவற்றுட் பல மலை மடிப்புகளில் தனித்தனியே ஒதுங்கிக் கிடப்பவை.

உலகில் மக்கள் வாழும் இடங்களில் மிகுதியாகப் பனி பொழியும் பகுதிகளுள் இதுவும் ஒன்று. டிசம்பரில் விழத் தொடங்கும் பனி ஏப்ரலில்தான் கரைந்து முடிகிறது. மூன்று மீட்டருக்கு மேல் குவியும் ஆண்டுகளும் உண்டு. அக்காலங்களில் கூரை மேல் ஏறிப் பனியை அள்ளித் தள்ளாவிட்டால் வீடு நொறுங்கிவிடும். இது முதியவர்களுக்கு எத்துணைத் துன்பமான வேலை என்பதைச் சொல்ல வேண்டியதில்லை.

ஆயினும் அந்தப் பனியையே மூலதனமாக்கி வாழக் கற்றார்கள் அம்மக்கள். மலைச்சரிவுகளை வெட்டி, வரப்புக் கட்டி, படிப்படியாக நெல்வயல்கள் அமைத்தார்கள். உருகும் பனிநீர் மேல்வயலிலிருந்து கீழ்வயலுக்கு இறங்கிப் பாயும். சமநிலம் போதாத இடங்களில், வளைந்து ஓடிய ஆற்றின் கழுத்தை வெட்டி நேராகத் திருப்பிவிட்டு, பழைய ஆற்றுப் படுகையையே வயலாக்கினார்கள். இயந்திரங்கள் இல்லாத நாளில், மண்வெட்டியும் கூடையும் கொண்டு இதைச் செய்தார்கள் என்பதை நினைக்க வேண்டும்.

வெளியே தலைகாட்ட முடியாத குளிர்காலத்தில் வீட்டுக்குள் நெசவு நடந்தது. ராமி என்னும் செடியின் நாரை மெல்லிய நூலாக்கி, பனிக்காலத்து ஈரக்காற்றில் நெய்தார்கள்; ஈரம் இருந்தால்தான் அந்நூல் அறாது. நெய்த துணியை வெயில் நாளில் பனிப்பரப்பின் மேல் விரித்து வெளுத்தார்கள். இவ்வட்டாரத்துக்கு அருகிலுள்ள ஊர்களில் இன்றும் தொடரும் இந்நெசவு, 2009இல் யுனெஸ்கோ நிறுவனத்தின் மரபுரிமைப் பட்டியலில் சேர்க்கப்பட்டது. தோக்காமாச்சி பிற்காலத்தில் பட்டு நெசவுக்கும் பெயர் பெற்றது.

இன்னும் பழமையான சான்றும் உண்டு. தோக்காமாச்சியின் சசயாமா என்னுமிடத்தில் அகழ்ந்தெடுக்கப்பட்ட மட்கலங்கள் ஏறத்தாழ 5,000 ஆண்டுகளுக்கு முற்பட்டவை. வாய்ப்பகுதியில் தீக்கொழுந்து எழுவதுபோல் வனையப்பட்ட அக்கலங்களை ஜப்பானிய அரசு 1999இல் நாட்டின் கருவூலப் பொருளாக அறிவித்தது. ஆகவே, மரபுச் செல்வத்துக்கு அங்கே குறைவில்லை. குறைந்தவர்கள் அதை ஆளும் மக்களே.

ஊர் ஏன் தேய்ந்தது?

இரண்டாம் உலகப் போருக்குப் பின் ஜப்பான் தொழில்நாடாக விரைந்து வளர்ந்தது. தொழிற்சாலைகள் ஆட்களை அழைத்தன. மலையூர் இளைஞர்கள் முதலில் குளிர்காலத்துக்கு மட்டும் டோக்கியோவுக்கு வேலைக்குப் போனார்கள்; பிறகு அங்கேயே தங்கிவிட்டார்கள். மக்களின் உணவுப் பழக்கம் மாறி அரிசி மிகுதிப்பட்டபோது, 1970களின் தொடக்கத்தில், நெல் விளைநிலத்தைக் குறைக்கச் சொல்லி அரசாங்கமே உழவரை ஊக்கியது. அக்கொள்கை 2018 வரை வெவ்வேறு வடிவில் நீடித்தது.

தலைமுறை தலைமுறையாக மலையை வெட்டி வயலாக்கியவனைப் பார்த்து, ‘உன் நெல் நாட்டுக்கு வேண்டாம்’ என்று சொன்னால் அவன் உள்ளம் என்ன பாடுபடும்? வருவாய்க் குறைவைக் காட்டிலும் கொடியது இது. தன் வாழ்நாள் உழைப்புக்குப் பொருளில்லை என்று எண்ணத் தொடங்கியவன், பிள்ளைகளை ஊரில் நிறுத்த முயல்வானா? ‘நீயாவது போய்ப் பிழைத்துக்கொள்’ என்றே அனுப்பிவைப்பான். வீடுகள் பூட்டப்பட்டன. வயல்களில் புல் மண்டியது. பிள்ளைகள் இல்லாததால் பள்ளிகள் ஒவ்வொன்றாக மூடப்பட்டன.

இரண்டாயிரம் கூட்டங்கள்

1990களின் நடுப்பகுதியில் நீகாதா மாநில அரசு, மாநிலத்தின் வட்டாரங்களை அவற்றின் தனிச்சிறப்பைக் கொண்டே வளர்க்க ஒரு திட்டம் வகுத்தது. எச்சிகோ-சுமாரியில் அதைக் கலையின் வழியே நடத்தும் பொறுப்பு கித்தகவா ஃபிராம் என்பவரிடம் வந்தது. இவர் 1946இல் அதே நீகாதா மாநிலத்தில் பிறந்தவர். டோக்கியோவில் கலை பயின்றவர். தென்னாப்பிரிக்க நிறவெறியைக் கண்டிக்கும் ஓவியக் காட்சியொன்றை 1988 முதல் 1990 வரை ஜப்பான் முழுவதும் 194 இடங்களுக்குக் கொண்டுசென்று காட்டியவர். காட்சி என்பது மக்கள் இருக்குமிடத்துக்குப் போக வேண்டும் என்பது அவர் முன்னரே கற்ற பாடம்.

ஆனால் மலையூர் மக்கள் அவரை வரவேற்கவில்லை. உள்ளூராட்சி மன்றங்களிலும் எதிர்ப்பு எழுந்தது. ‘சாலை போடுங்கள், மருத்துவமனை கட்டுங்கள், யாருக்கும் விளங்காத கலைக்கு வரிப்பணம் எதற்கு?’ என்பதே எதிர்த்தவர்களின் கேள்வி. அது நியாயமான கேள்வி என்பதை ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும். பனியை அள்ள ஆளில்லாத ஊரில் சிற்பம் நிறுத்துவது யாருக்கு நன்மை?

கித்தகவா அக்கேள்வியை விட்டு ஓடவில்லை. நான்கரை ஆண்டுகளில் 2,000க்கும் மேற்பட்ட கூட்டங்களை நடத்தினார். ஊர்ப் பொதுமனைகளில் முதியவர்களோடு உட்கார்ந்து பேசினார். 1999இல் தொடங்க எண்ணிய விழா ஓராண்டு தள்ளிப்போயிற்று. இத்தனைக்கும் பிறகு எல்லா ஊர்களும் இணங்கவில்லை. முதல் விழாவில் சிற்சில ஊர்களே முன்வந்தன. பக்கத்து ஊரில் நடந்ததைப் பார்த்துவிட்டு, ‘எங்கள் ஊருக்கும் வாருங்கள்’ என்று மற்ற ஊர்கள் அடுத்தடுத்த விழாக்களில் அழைத்தன.

அந்த 2,000 கூட்டங்களை விழாவுக்கு முன்னுரை என்று கருதுவது தவறு. விழாவின் தலையாய வேலையே அதுதான் எனலாம். ‘உங்கள் ஊரில் என்ன இருக்கிறது, எங்களுக்குச் சொல்லுங்கள்’ என்று ஒருவர் வந்து கேட்டது, பல ஆண்டுகளாக யாரும் எதுவும் கேளாத ஊர்களில் அன்றோ!

வயலில் நின்ற சித்திரம்

முதல் விழா 2000ஆம் ஆண்டு ஜூலை 20 முதல் செப்டம்பர் 10 வரை நடந்தது. முப்பதுக்கு மேற்பட்ட நாடுகளிலிருந்து சுமார் 150 கலைஞர்கள் பங்குகொண்டனர். அவர்களின் படைப்புகளை ஓரிடத்தில் குவித்துவைத்திருந்தால், வருவோர் அரை நாளில் பார்த்துவிட்டுப் போயிருப்பார்கள். அப்படிச் செய்யாமல், மலைக்கு ஒன்றாக, ஊருக்கு ஒன்றாகச் சிதறி வைத்தார்கள். ஒன்றிலிருந்து மற்றொன்றுக்குப் போக வயல்வரப்பில் நடக்க வேண்டும். வழி கேட்க வேண்டும். வியர்வை சிந்த வேண்டும். கலையைத் தேடி வந்தவர் காணாமற் போக முடியாதவை நெல்வயலும் பீச்ச மரக்காடும் முதியவர்களின் முகங்களும் ஆயின.

அவ்விழாவில் பெரும்புகழ் பெற்ற படைப்பொன்று, விழாவின் நோக்கத்தை நன்கு விளக்கும். சோவியத் உக்ரேனில் பிறந்த இலியா கபக்கோவும் அவர் மனைவி எமிலியாவும் மட்சுடாய் என்னும் ஊரின் படிக்கட்டு வயல்களைக் கண்டனர். உழுதல், விதைத்தல், நடுதல், களையெடுத்தல், அறுத்துச் சந்தைக்குச் சுமந்து செல்லல் ஆகிய தொழில்களைச் செய்யும் மனித உருவங்களை நீலத்திலும் மஞ்சளிலும் வெட்டி, அவ்வயல்களிலேயே நிறுத்தத் திட்டமிட்டனர். எதிர்க்கரையில் ஒரு மேடை. அங்கே அந்தந்தத் தொழிலை விளக்கும் சொற்கள் தொங்கவிடப்பட்டிருக்கும். மேடையிலிருந்து பார்ப்பவரின் கண்ணில் சொல்லும் உருவமும் உண்மை வயலும் ஒன்றன்மேல் ஒன்றாகப் பொருந்தி, ஒரு பெரிய படப்புத்தகத்தின் பக்கம்போல் தோன்றும்.

வயலின் உரிமையாளர் முதலில் இணங்கவில்லை. முன்னோர் வியர்வை சிந்திய மண்ணில் வேடிக்கைப் பொருளை நடுவதா என்று தயங்கினார். உடல் நலிவினால் அவ்வயலைக் கைவிட்டுவிடும் எண்ணத்திலும் அவர் இருந்தார். ஆனால் ஓவியர் காட்டிய வரைபடத்தில் அவர் கண்டது தம்முடைய சொந்த உழைப்பையே. இசைந்தார். இசைந்ததோடு நில்லாமல், வயலை விடும் எண்ணத்தையும் தள்ளிவைத்து, மேலும் சில ஆண்டுகள் அங்கே நெல் விளைவித்தார். அவரால் இயலாமற் போன பிறகு, விழாவைச் சார்ந்தவர்கள் பயிரிடும் பொறுப்பை ஏற்றனர். இலியா கபக்கோவ் 2023இல் மறைந்தார். அவர் நிறுத்திய உழவர்களைச் சுற்றி இன்றும் நெல் விளைகிறது.

தற்காலக் கலையும் வெளிநாட்டுக் கலைஞரும் சிற்றூர் மரபுக்கு என்ன உறவு என்று கேட்போர்க்கு இதுவே விடை. ஊரார்க்குப் பழகிப்போன ஒன்று புதியவர் கண்ணுக்கு வியப்பாகப் படுகிறது. அவர் ‘இது ஏன் இப்படி?’ என்று வினவுகிறார். விடை சொல்லத் தொடங்கும் முதியவர், சொல்லச் சொல்லத் தம் அறிவின் மதிப்பைத் தாமே உணர்கிறார். மேலும், பிறர் நிலத்தில் ஒரு கல்லை வைப்பதானாலும் அனுமதி கேட்டாக வேண்டும். கேட்கும்போது பேச்சுப் பிறக்கிறது. பேச்சிலிருந்து உறவு பிறக்கிறது. பிறகு கல்லைத் தூக்கக் கை கொடுப்பவரும் அந்த ஊராரே. கலைஞர் கொணர்ந்தது தேர் என்றால், வடம் பிடித்தவர்கள் ஊரார். வடம் பிடித்தவனுக்குத் தேர் சொந்தமாகிவிடுகிறது.

பாழ்வீடுகளில் மீண்டும் அடுப்பெரிந்தது

2004ஆம் ஆண்டு அக்டோபர் 23ஆம் நாள் அவ்வட்டாரத்தைக் கடும் நிலநடுக்கம் தாக்கியது. அதன் அளவு 6.8. நீகாதா மாநிலத்தில் 68 பேர் மாண்டனர். ஏற்கெனவே நலிந்திருந்த மலையூர்களை விட்டுப் பலர் நிலையாக வெளியேறினர். காலி வீடுகள் பெருகின. பனிநாட்டில் காலி வீடு நெடுநாள் நிற்காது. இரண்டொரு குளிர்காலத்திலேயே கூரை அமர்ந்துவிடும். ஆகவே, 2006இல் நடந்த மூன்றாம் விழா காலி வீடுகளைத் தன் முதற்கவலையாகக் கொண்டது.

கன்னியூ என்னும் மலைச்சிற்றூரில், 1924இல் கட்டப்பட்ட புல்வேய்ந்த வீடொன்று அந்நடுக்கத்தில் சேதமுற்றிருந்தது. குயக்கலை வல்லுநர் பலர் கூடி அதைச் செப்பனிட்டனர். கணப்பும் சமையலடுப்பும் கைகழுவும் தொட்டியும் குளியல் தொட்டியும் சுட்ட மண்ணால் செய்யப்பட்டன. இதுவரையில் அது அழகிய அருங்காட்சியகமே. ஆனால் அதன் பிறகு நடந்ததே சிறப்பு. அவ்வூர்ப் பெண்கள் அங்கே உணவகம் நடத்தத் தொடங்கினர். மலைக்கீரைகளையும் தங்கள் தோட்டத்துக் காய்களையும் தங்கள் முறையிலேயே சமைத்து, கலைஞர் வனைந்த தட்டுகளில் பரிமாறினர். விரல்விட்டு எண்ணத்தக்க குடும்பங்களே எஞ்சியிருந்த ஊருக்கு, அவர்கள் சமையலை உண்பதற்காகவே நெடுந்தொலைவிலிருந்து ஆட்கள் வந்தனர்.

‘ஏழைச் சாப்பாடு’ என்று விருந்தினர் முன் வைக்கக் கூசிய உணவு, விருந்தாயிற்று. பண்பாட்டு மறுமலர்ச்சி என்னும் பெரிய சொல்லுக்கு இதைவிட எளிய விளக்கம் வேண்டுமா?

ஹொஷிதோகே என்னும் ஊரில் மற்றொரு வீடு. நிஹோன் பல்கலைக்கழகத்துக் கலை மாணவர்கள் தங்கள் ஆசிரியருடன் வந்து, புகையேறிக் கறுத்திருந்த அவ்வீட்டின் தூண், உத்தரம், சுவர், தரை ஆகிய அனைத்தையும் உளியால் சிறுசிறு செதில்களாகச் செதுக்கினர். இரண்டாண்டுகளுக்கு மேல் நடந்தது இவ்வேலை. கறுத்த மேல்தோல் நீங்கி, உள்ளிருந்த வெண்மரம் வீடெங்கும் அலையலையாக வெளிப்பட்டது. பாம்பு சட்டையுரிப்பதை ஒத்தது என்பதால் ‘தோலுரிக்கும் வீடு’ என்று அதற்குப் பெயர். வெளியிலிருந்து புதிதாக ஒன்றும் கொண்டுவரப்படவில்லை. பழைய மரத்துக்குள் இருந்ததையே உழைப்பு வெளிக்கொணர்ந்தது.

மூடிய பள்ளிகள்

ஓர் ஊரில் பள்ளி மூடப்படுவது, ஒரு கட்டடம் பூட்டப்படுவதோடு முடிவதில்லை. பெற்றோர் கூடுமிடம் போய்விடுகிறது. ஊருக்குக் காலையில் பொழுது விடிந்ததை அறிவித்த மணியோசை நின்றுவிடுகிறது. இளங்குடும்பம் எதுவும் அவ்வூருக்கு இனிக் குடிவராது என்பது அன்றே முடிவாகிவிடுகிறது. பள்ளி மூடப்பட்ட தோட்டத்தைக் கண்டவர்கள் இதை நன்கறிவார்கள்.

பிரெஞ்சுக் கலைஞர் கிறிஸ்தியான் போல்தான்ஸ்கியும் ஒளியமைப்பாளர் ழான் கல்மானும் மட்சுநோயாமாவில் மூடப்பட்டிருந்த ஒரு தொடக்கப் பள்ளியை 2006இல் எடுத்துக்கொண்டனர். ‘கடைசி வகுப்பு’ என்று அப்படைப்புக்குப் பெயரிட்டனர். உடற்பயிற்சிக் கூடத்தில் வைக்கோல் மணம், மங்கிய விளக்குகள், சுழலும் மின்விசிறிகள். மாடியில் மனித இதயத் துடிப்பின் ஓசை கட்டடமெங்கும் அதிர்கிறது. அங்கே பிள்ளைகள் இல்லை. ஆனால் இருந்தார்கள் என்பதை மறக்க முடியாது. போல்தான்ஸ்கி 2021இல் காலமானார்.

இழப்பைக் காட்டிய அப்படைப்புக்கு மறுமொழிபோல் அமைந்தது மற்றொன்று. ஹச்சி என்னும் ஊரின் சனாதா தொடக்கப் பள்ளி 2005இல் மூடப்பட்டபோது அங்கே எஞ்சியிருந்த பிள்ளைகள் மூவரே. குழந்தைகளுக்குப் படப்புத்தகம் எழுதி வரையும் தஷீமா செய்ஸோ அப்பள்ளிக்கு வந்தார். அம்மூவரையே கதைமாந்தராக்கினார். கடலோரத்தில் ஒதுங்கிய மரத்துண்டுகளுக்கும் காட்டுக் காய்களுக்கும் வண்ணமிட்டு, வகுப்பறை, நடைவழி, கூடம் எங்கும் கயிற்றில் தொங்கவிட்டு, பள்ளி முழுவதையும் உள்ளே நடந்து படிக்கக்கூடிய ஒரு படப்புத்தகமாக்கினார். ஊர் மக்களும் கூடி உழைத்தனர். 2009இல் அது படப்புத்தக அருங்காட்சியகமாகத் திறக்கப்பட்டது. பள்ளி ஒருநாளும் வெறுமையாகாது என்பதே கதையின் கருத்து. பூட்டிய பள்ளிக்குள் மீண்டும் பிள்ளைகளின் காலடியோசை கேட்டது. அவர்கள் வேறு ஊர்ப் பிள்ளைகளே என்றாலும்.

சிறு பாம்புகள்

இத்தனை வேலையையும் யார் செய்தார்கள்? ‘கொஹெபி’ என்னும் தொண்டர் படை பெரும்பங்கு ஏற்றது. அச்சொல்லுக்குச் சிறு பாம்பு என்று பொருள். டோக்கியோ முதலிய நகரங்களிலிருந்து வந்த மாணவர்களும் இளைஞர்களுமே தொடக்கத்தில் அதன் உறுப்பினர். வீடு வீடாகச் சென்று விழாவைப் பற்றிச் சொன்ன அவர்களை முதியவர்கள் ஐயத்தோடு பார்த்தனர். கடிந்து திருப்பியனுப்பியதும் உண்டு. ஆனால் களையெடுக்கவும் பனி அள்ளவும் அதே இளைஞர்கள் மீண்டும் வந்து நின்றபோது கதவுகள் திறந்தன. நிலநடுக்கத்துக்குப் பின் இடிபாடுகளை அகற்றவும் அவர்கள் வந்தனர். விழாவில்லாத நாளில் வந்து நிற்பவனே உறவினன் என்பதை ஊர் அறிந்துகொண்டது.

கணக்கும் குறையும்

பயன் என்ன என்று கேட்பது முறையே. முதல் விழாவுக்கு வந்தோர் சுமார் 1 இலட்சத்து 63 ஆயிரம் பேர். 2015இல் அத்தொகை 5 இலட்சத்தைக் கடந்தது. பெருந்தொற்றினால் ஓராண்டு தள்ளி 2022இல் நடந்த எட்டாம் விழாவுக்கு, ஏப்ரல் முதல் நவம்பர் வரை, சுமார் 5 இலட்சத்து 74 ஆயிரம் பேர் வந்தனர். 2024இல் ஒன்பதாம் விழா நடந்தது. விழாவுக்கு விழா படைப்புகள் மாறினாலும், சுமார் 200 படைப்புகள் நிலையாக அங்கேயே உள்ளன. விழாவற்ற காலத்தில் அவற்றையும் வீடுகளையும் வயல்களையும் பேண, 2008இல் இலாப நோக்கற்ற அமைப்பொன்று நிறுவப்பட்டது. முதியவர்கள் கைவிடும் வயல்களுக்கு நகரத்தார் பணம் கொடுத்து ஆதரவளித்து, விளையும் நெல்லில் பங்கு பெறும் ஏற்பாடும் உண்டு. 2015இல் பெண்கள் காற்பந்துக் குழு ஒன்று அமைக்கப்பட்டது. அதன் ஆட்டக்காரர்கள் அவ்வட்டாரத்திலேயே குடியிருந்து, பந்தாடாத நேரத்தில் படிக்கட்டு வயல்களில் உழைக்கிறார்கள்.

மறுபக்கத்தையும் மறைக்கலாகாது. தோக்காமாச்சியின் மக்கள்தொகை 2005இல் சுமார் 62,000. 2020இல் சுமார் 50,000. கலைவிழா அத்தேய்வை நிறுத்தவில்லை. பள்ளிகள் மூடப்படுவதும் நிற்கவில்லை. கலை, சுற்றுலாவுக்குப் பணியாளாகிவிட்டது என்று குறைகூறும் திறனாய்வாளர்கள் உண்டு. முதியோர் நிறைந்த ஊருக்கு விருந்தினர் கூட்டம் சுமையாவதும் உண்டு. பிள்ளைப்பேறும் வேலைவாய்ப்பும் மருத்துவ வசதியும் கலைக்காட்சியால் வருபவை அல்ல. அவை அரசு செய்ய வேண்டியவை. காட்சி நடத்துகிறோம் என்று சொல்லி அக்கடமையிலிருந்து யாரும் நழுவ இடம் கொடுக்கக்கூடாது.

ஆயினும், எண்ணிக்கை ஒன்றே அளவுகோல் ஆகுமா? ஓர் ஊர் தேய்ந்தாலும், ‘நாங்கள் வாழ்ந்த வாழ்வு வீண்’ என்னும் எண்ணத்தோடு தேய்வது ஒன்று. தன் வயலையும் சமையலையும் உலகம் வந்து கண்டு மதித்தது என்னும் நிறைவோடு இருப்பது மற்றொன்று. பின்னதில்தான் அடுத்த தலைமுறைக்குக் கைமாற்றிக் கொடுக்க ஏதேனும் எஞ்சும்.

ஒரு தீவுப் பள்ளியின் மணி

எச்சிகோ-சுமாரியில் கற்ற பாடத்தைக் கித்தகவா 2010இல் வேறோரிடத்துக்குக் கொண்டுசென்றார். மேற்கு ஜப்பானின் உள்நாட்டுக் கடற்பகுதியாகிய செத்தோவில் சிறு தீவுகள் பல உள்ளன. அவையும் முதியோர் மட்டுமே எஞ்சிய ஊர்கள். அங்கே தொடங்கிய செத்தோச்சி கலைவிழாவும் மூன்றாண்டுக்கு ஒருமுறை நடந்துவருகிறது. தக்கமாட்சு நகரத்திலிருந்து நாற்பது நிமிடப் படகுப் பயணத் தொலைவிலுள்ள ஓகிஜீமா அத்தீவுகளுள் ஒன்று. இருநூறு பேருக்கும் குறைவாகவே அங்கு வாழ்ந்தனர். பிள்ளைகள் இல்லாமையால் 2011இல் தீவின் பள்ளி மூடப்பட்டது.

விழாவின்போது தீவுக்கு மக்கள் வந்தனர். வெளியேறி வாழ்ந்த குடும்பங்களும் தங்கள் தீவை மீண்டும் பார்த்தன. 2013ஆம் ஆண்டு விழாவை ஒட்டிச் சில இளங்குடும்பங்கள் திரும்பிக் குடியேற விரும்பின. ஆனால் பிள்ளைகளுக்குப் பள்ளி வேண்டும். பள்ளியைத் திறக்குமாறு நகராட்சிக்கு விண்ணப்பம் செய்தனர். ஆதரவுக் கையெழுத்துகள் திரட்டினர். 2014ஆம் ஆண்டு ஏப்ரலில் பள்ளி மீண்டும் திறக்கப்பட்டது. சேர்ந்த பிள்ளைகள் கைவிரல்களுக்குள் அடங்குவர். என்றாலும், பள்ளி பள்ளியே.

இங்கே கலை செய்தது யாது? அது பள்ளியைத் திறக்கவில்லை. பெற்றோரும் நகராட்சியுமே திறந்தனர். ஆனால் மூடிய கதவைத் திரும்பிப் பார்க்கச் செய்தது கலை. அந்த ஒரு பார்வை இல்லாவிடில் விண்ணப்பமும் இல்லை; கையெழுத்தும் இல்லை.

எனவே, சிற்றூர்க் கலைக்காட்சி நடத்த விரும்புவோர் முதலில் செய்ய வேண்டியது பொருள் திரட்டுவதன்று. ஊருக்குள் சென்று உட்கார வேண்டும், கேட்க வேண்டும், மறுத்தால் மீண்டும் போக வேண்டும். காட்சியை ஊரிலேயே வைத்து, ஊராரையே விருந்தோம்பச் செய்ய வேண்டும். விழா முடிந்த மறுநாளும் அவ்வூருக்குப் போய்வர வேண்டும். இவ்வளவும் செய்தால் சிற்றூர் உயிர் பெறுமா என்றால், உறுதி கூற இயலாது. எச்சிகோ-சுமாரியில் ஊர்கள் இன்னும் தேய்கின்றன. ஓகிஜீமாவில் ஒரு பள்ளியின் மணி மீண்டும் ஒலித்தது. இரண்டும் உண்மை. உழுபவன் எல்லா ஆண்டும் விளையும் என்று எண்ணி விதைப்பதில்லை. விதைக்காத ஆண்டில் விளையாது என்பதை அறிந்தே விதைக்கிறான்.